மூன்று கிளைக் கொம்பும் முதல்வர் பாறையும்

சருகுமான் முதல்வரானது செல்லாது என்று கடமான் வழக்குப் போட்டது.

நீர்மத்திக் காட்டில் அன்று முழுக்க இதே பேச்சு. குரங்குகள் கிளைக்குக் கிளை செய்தியைக் கொண்டுபோயின. ஆமைகள் மட்டும் மறுநாள்தான் கேள்விப்பட்டன.

அந்தக் காட்டின் ஆற்றோரத்தில் ஒரு கல்லூரி இருந்தது. மான்குட்டி, முயல், காட்டுக்கோழிக் குஞ்சு எல்லாம் அங்கேதான் படித்தன. ஓட்டத்துறை, நிலைத்துறை என்று இரண்டே துறைகள். செந்நாய் வந்தால் எப்படி ஓடுவது என்று ஓட்டத்துறை கற்றுக்கொடுத்தது. எப்போது ஓடாமல் மூச்சடக்கி நிற்பது என்று நிலைத்துறை கற்றுக்கொடுத்தது. இரண்டில் எது உசத்தி என்று ஆசிரியர்களுக்குள் ஓயாத வாக்குவாதம். கல்லூரி என்று இருந்தால் அது இல்லாமலா?

ஓட்டத்துறைத் தலைவரின் பெயர் கருங்கழுத்தன். கம்பீரமான கடமான். அடர்ந்த பிடரி, அகன்ற மார்பு, தலையில் பக்கத்துக்கு மூன்று கிளை விரிந்த கொம்பு. அது நடந்து வந்தாலே முதலாண்டுக் குட்டிகள் எழுந்து நின்றுவிடும்.

நிலைத்துறைத் தலைவரின் பெயர் நுண்செவி. அது சருகுமான். பெயரில்தான் மான் இருக்கிறது. உருவம் முயலைவிடச் சற்றுப் பெரிது, அவ்வளவுதான். சருகுமான்களுக்குக் கொம்பு முளைப்பதே இல்லை. நுண்செவி எழுந்து நின்றாலும் முதலாண்டுக் குட்டிகள் உட்கார்ந்திருப்பதாகத்தான் நினைக்கும். ஆனால் அது பாடம் நடத்திய எட்டு மழைக்காலத்தில் அதன் மாணவர் ஒருவரைக்கூடச் செந்நாய் தொட்டதில்லை.

பழைய முதல்வர் ஓய்வு பெற்றதும் இரண்டும் விண்ணப்பித்தன. தேர்வுக் குழுவில் ஓர் இருவாச்சி, ஓர் உடும்பு, ஒரு காட்டுப்பன்றி. மூன்றும் நாள் முழுதும் விவாதித்து நுண்செவியைத் தேர்ந்தெடுத்தன.

கல்லூரியில் ஒரு பாறை உண்டு. அதற்கு முதல்வர் பாறை என்று பெயர். காலையில் முதல்வர் அதில் ஏறி நின்றுதான் வருகைப் பதிவு எடுக்க வேண்டும். அங்கிருந்து பார்த்தால் ஆற்றின் அக்கரை தெரியும். செந்நாய்கள் அக்கரையிலிருந்துதான் வரும்.

பதவியேற்ற நாளில் நுண்செவி பாறையில் ஏற இரண்டு முறை முயன்று இரண்டு முறையும் வழுக்கியது. மூன்றாம் முறை ஏறிவிட்டது. ஏறியதும் ஆற்றுக்கு அப்பால் பார்த்தபடி வெகுநேரம் நின்றது. எட்டு மழைக்காலமாக அக்கரையைப் பற்றிப் பாடம் நடத்திய அது, அன்றுதான் முதல்முறையாக அக்கரையைப் பார்த்தது. அதுவரை புல் மறைத்துக்கொண்டிருந்தது.

அந்தப் பதவி அதற்குப் பிடித்திருந்தது. அதை மறைப்பானேன்? தகுதியுள்ளவர்கள் பதவியை விரும்பவே கூடாது என்று யாரும் விதி எழுதவில்லை.

வேறொரு விதி இருந்தது. அதுதான் சிக்கல்.

கல்லூரியைத் தொடங்கியது முன்னொரு காலத்துக் கடமான். அது விதிகளைத் தன் கொம்பாலேயே மருதமரப் பட்டையில் கீறி வைத்திருந்தது. ஏழாம் விதி இப்படிச் சொன்னது: ‘முதல்வராக வருபவரின் கொம்பில் மூன்று கிளைகள் இருக்க வேண்டும்.’

கொம்பில் கிளை என்பது படிப்பால் வருவது என்று காடு முழுவதும் நம்பியது. ஒரு கிளை இளங்கலை, இரண்டு கிளை முதுகலை, மூன்று கிளை என்றால் முனைவர் என்கிற மாதிரி ஒரு மரியாதை. கடமான்கள் இதை ஒருநாளும் சொன்னதில்லை. மறுத்ததும் இல்லை.

தேர்வுக் குழுவுக்கு ஏழாம் விதி தெரியாமல் இல்லை. ‘எட்டு மழைக்காலக் கற்பித்தல் மூன்று கிளைக்குச் சமம்’ என்று ஒரு தீர்மானம் எழுதிக் கையெழுத்திட்டு அதைத் தாண்டிப் போய்விட்டது.

கருங்கழுத்தன் தாண்டிப் போகவில்லை. நேரே வாகைமரத்தடி நீதிமன்றத்துக்குப் போயிற்று.

நீதிபதி வெண்காலி என்ற காட்டெருமை. நான்கு கால்களிலும் முழங்காலுக்குக் கீழே வெள்ளை. காலுறை போட்ட மாதிரி இருக்கும். எந்த வாதத்தையும் முதலில் அப்படியே விழுங்கிவிடும். பிறகு நிதானமாக வெளியே எடுத்து அசைபோடும். அசைபோட்டு முடிக்காமல் தீர்ப்புச் சொன்னதே இல்லை. அதனால் தவறான தீர்ப்புச் சொன்னதும் இல்லை. வாய்தாக்கள்தான் கொஞ்சம் அதிகம்.

கருங்கழுத்தனின் வக்கீல் நீள்வால் என்ற மந்தி. முகமே கறுப்பாக இருந்ததால் தனியாக அங்கி தேவைப்படவில்லை. நுண்செவியின் வக்கீல் செவ்வாலி என்ற மலையணில். பழைய தீர்ப்புகளையெல்லாம் மரப்பொந்துகளில் சேர்த்து வைத்திருக்கும். எந்தத் தீர்ப்பு எந்தப் பொந்தில் என்பதுதான் வேண்டிய நேரத்தில் நினைவுக்கு வராது.

“கனம் நீதிபதி அவர்களே! என் கேள்வி ஒன்றே ஒன்று!” என்று ஆரம்பித்தது நீள்வால். “எதிர்மனுதாரரின் தலையில் கொம்பு இருக்கிறதா, இல்லையா?”

“இல்லை. ஆனால் இணைத்தகுதி...” என்றது செவ்வாலி.

“இணைத்தகுதி கொடுக்கலாம் என்று எந்த விதி சொல்கிறது? மருதமரத்தை மேலிருந்து கீழாகப் படித்தேன். கீழிருந்து மேலாகவும் படித்தேன். காணோம்!”

“நீங்கள் தலைகீழாகத் தொங்கிக்கொண்டு படித்திருப்பீர்கள்!”

“எப்படித் தொங்கினாலும் ஏழு ஏழுதான், வக்கீலே! இன்றைக்கு எட்டு மழை மூன்று கிளைக்குச் சமம் என்பார்கள். நாளைக்குப் பன்றியின் மாமன்மகன் என்பதும் மூன்று கிளைக்குச் சமம் என்பார்கள். விதி எதற்கு இருக்கிறது?”

கூட்டத்தில் சிரிப்பு எழுந்தது. காட்டுப்பன்றி மட்டும் சிரிக்கவில்லை.

உள்ளதைச் சொல்ல வேண்டும். அன்றைய நிலையில் சட்டம் கருங்கழுத்தன் பக்கம்தான் இருந்தது. வேண்டியவரை உள்ளே விடுவதற்காக விதியை வளைக்கத் தொடங்கினால், வேண்டாதவரை வெளியே தள்ளவும் அதே விதி வளையும். கருங்கழுத்தன் கேட்டதில் தவறில்லை.

வெண்காலி எல்லாவற்றையும் விழுங்கிக்கொண்டு இடைக்கால உத்தரவு போட்டது. “வழக்கு முடியும்வரை நுண்செவி முதல்வர் வேலையைப் பார்க்கலாம். முதல்வர் பாறையில் ஏறக் கூடாது.”

மறுநாள் காலை நுண்செவி பாறைக்குப் பக்கத்தில், புல்லுக்குள் நின்று வருகைப் பதிவு எடுத்தது.

“அம்மா!” என்றது ஒரு வாயாடி முயல். “நீங்கள் மேலே நின்றாலும் கண்ணுக்குத் தெரிவதில்லை. கீழே நின்றாலும் தெரிவதில்லை.”

“அப்படியானால் இந்த உத்தரவால் உனக்கு ஒரு குறையும் இல்லை. நேற்றைய பாடத்தைச் சொல்!” என்றது நுண்செவி.

குறை நுண்செவிக்குத்தான். வெறும் பாறையை நிமிர்ந்து பார்ப்பதும், பிறகு காதை அக்கரைப் பக்கம் திருப்பிக்கொள்வதுமாக இருந்தது. கண்ணால் பார்க்க வேண்டியதைக் காதால் செய்துகொண்டிருந்தது.

வாய்தா மேல் வாய்தா போயிற்று. மழை நின்றது. பனி வந்தது. பனியும் போய் இலைகள் உதிரத் தொடங்கின. ஒன்பதாம் வாய்தாவுக்கு முழுக் காடும் கூடியது.

நீள்வால் அன்று உச்சக்கட்டத்தில் இருந்தது. “பாருங்கள், கனம் நீதிபதி அவர்களே! என் கட்சிக்காரரின் தலையைப் பாருங்கள்! ஒன்று, இரண்டு, மூன்று! ஒவ்வொரு கிளையும் கற்ற கல்வி! பெற்ற பேறு! யாராலும் அசைக்க முடியாத தகுதி!”

அந்த நேரம் பார்த்துக் கருங்கழுத்தனின் மூக்கில் ஓர் ஈ உட்கார்ந்தது. கருங்கழுத்தன் தலையை உதறியது.

அசைக்க முடியாத தகுதி டொக்கென்று கீழே விழுந்தது.

எல்லாரும் அந்தக் கொம்பையே பார்த்துக்கொண்டிருக்க, துணைக்கு மற்றதும் விழுந்தது.

கடமானின் கொம்பு ஆண்டுக்கு ஒருமுறை உதிரும் என்பது காட்டுக்குத் தெரிந்ததுதான். நீதிமன்றத்திலேயே உதிரும் என்று யாரும் எதிர்பார்க்கவில்லை. கொம்பு விழுகிற நாட்களில் கடமான்கள் புதருக்குள் ஒதுங்கிவிடுவது வழக்கம். கருங்கழுத்தன் வாய்தாவுக்காக வந்து மாட்டிக்கொண்டது. மொட்டைத் தலையோடு நடுச்சபையில் நின்றது. எங்கே பார்ப்பது என்று தெரியாமல் தன் குளம்புகளையே பார்த்தது.

செவ்வாலி ஆறடி உயரம் குதித்தது. “முடிந்தது! வழக்கு முடிந்தது! மனுதாரருக்கே தகுதி இல்லை! தகுதி இல்லாதவர் அடுத்தவரின் தகுதியைக் கேட்கலாமா?”

“விண்ணப்பித்த நாளில் இருந்தது! அது போதும்!” என்று கத்தியது நீள்வால்.

“விதியில் எங்கே இருக்கிறது விண்ணப்பித்த நாள்? மேலிருந்து கீழாகப் படித்தேன். கீழிருந்து மேலாகவும் படித்தேன்!”

எந்த நாளில் இருக்க வேண்டும் என்று விதி எழுதியவர் எழுதவில்லை. விதி எழுதுகிறவர்கள் எப்போதும் விட்டுவிடுகிற இடம் அதுதான். பின்னால் வருகிற வக்கீல்களுக்கும் பிழைப்பு வேண்டுமல்லவா?

“விழுந்த கொம்புகளைச் சான்றாவணமாகப் பதிவு செய்யுங்கள். நான் அசைபோட வேண்டும். மூன்று நாள் வாய்தா!” என்றது வெண்காலி.

நீதிமன்றப் பதிவாளர் ஒரு முள்ளம்பன்றி. அதனிடம் கொம்புகள் ஒப்படைக்கப்பட்டன. இங்கே ஒரு சங்கதி சொல்ல வேண்டும். விழுந்த மான்கொம்பு என்றால் முள்ளம்பன்றிகளுக்கு உயிர். பல்லுக்கு நல்லது என்று கடித்துக்கொண்டே இருக்கும்.

மூன்று நாள் கழித்துப் பதிவாளர் முதலாம் சான்றாவணத்தைக் கொண்டுவந்து வைத்தது. கொம்பில் இரண்டு கிளைதான் இருந்தது.

“மூன்றாவது எங்கே?” என்றது வெண்காலி.

“சிறிது தேய்மானம் ஏற்பட்டிருக்கிறது, கனம் நீதிபதி அவர்களே.”

“சான்றாவணத்தைத் தின்றுவிட்டீரா?”

“தின்பது என்பது கடுமையான சொல்” என்றது பதிவாளர் வாயைத் துடைத்துக்கொண்டே. பதிவேட்டில் தேய்மானம் என்றே எழுதப்பட்டது. இரண்டாம் சான்றாவணத்தைப் பற்றி யாரும் கேட்கவில்லை. பதிவாளரும் சொல்லவில்லை.

செவ்வாலிக்கோ கொண்டாட்டம். “இப்போது தலையிலும் இல்லை, தரையிலும் முழுசாக இல்லை! மனுவைத் தள்ளுபடி செய்யுங்கள்!”

வெண்காலி மென்றுகொண்டே நுண்செவியைப் பார்த்தது. “வழக்குப் போட மனுதாரருக்குத் தகுதி இல்லை என்று உங்கள் வக்கீல் சொல்கிறார். அதில் வலு இருக்கிறது. அந்த வாதத்தை நீங்கள் வற்புறுத்துகிறீர்களா?”

நுண்செவி அசையாமல் நின்றது. அது அதன் பாடம். ஆம் என்று ஒரு சொல் போதும், பாறை அதற்குக் கிடைத்துவிடும். அன்று மாலையே அக்கரையைப் பார்க்கலாம்.

“இல்லை” என்றது நுண்செவி.

செவ்வாலிக்கு வால் விறைத்துவிட்டது. “அம்மா! ஜெயித்துவிட்டோம், அம்மா! தயவுசெய்து சும்மா இருங்கள்!”

“வக்கீல் ஐயா, நீங்கள் எனக்காகப் பாடுபட்டீர்கள். மறக்க மாட்டேன். ஆனால் இது வேண்டாம்.” நுண்செவி நீதிபதியின் பக்கம் திரும்பியது. “கொம்பு விழுந்த அன்று மாலை கருங்கழுத்தர் ஓட்ட வகுப்பு எடுத்தார். நான் கேட்டுக்கொண்டிருந்தேன். முந்தின நாள் எடுத்த மாதிரியேதான் எடுத்தார். ஒரு சுற்றுக்கூடக் குறையவில்லை. அவர் தலையிலிருந்து ஓர் எலும்பு விழுந்ததற்காக நான் ஜெயித்தால், அந்தப் பாறையில் நின்று பிள்ளைகளுக்கு என்னத்தைச் சொல்வேன்? எனக்குத் தகுதி உண்டு என்று தீர்ப்பு வந்தால் ஏறுகிறேன். இல்லையென்றால் புல்லிலேயே நிற்கிறேன்.”

“யோசித்துத்தான் சொல்கிறீர்களா? இந்த வாதம் போனால் மிஞ்சுவது ஏழாம் விதிதான். அது உங்களுக்கு எதிராக இருக்கிறது” என்றது வெண்காலி.

“தெரியும்.”

வெண்காலி மெல்லுவதை நிறுத்தியது. அந்தக் காட்டில் யாரும் அதுவரை கண்டிராத காட்சி அது.

நீள்வால் கைகளைத் தேய்த்துக்கொண்டது. “அப்படியானால் எங்களுக்குச் சாதகமாகத் தீர்ப்பு...”

“கொஞ்சம் இரும்!” என்றது கருங்கழுத்தன்.

அது மொட்டைத் தலையோடு முன்னால் வந்தது.

“கனம் நீதிபதி அவர்களே, நான் ஒன்று சொல்ல வேண்டும்.”

“வேண்டாம், ஐயா! கட்சிக்காரர்கள் பேசினால் வழக்குக் கெட்டுவிடும்!” என்றது நீள்வால்.

“கெடட்டும். நீதிபதி அவர்களே, உங்கள் கொம்பு கிளைப்பதில்லை, விழுவதுமில்லை. இங்கே இருக்கும் வக்கீல்களுக்குக் கொம்பே கிடையாது. அதனால் உங்கள் யாருக்கும் இது தெரியாது. எங்களுக்குத் தெரியும். ஆனால் சொல்வதில்லை.” கருங்கழுத்தன் ஒரு பெருமூச்சு விட்டது. “கிளை படிப்பால் வருவதில்லை. சும்மா படுத்துக் கிடந்தாலும் வரும். குட்டிக்கு முதலில் நேர்க்கொம்பு. அடுத்து ஒரு கவை. மூன்றாவது கிளை நாலாம் மழைக்குத்தான் விரியும். அதற்குப் பிறகு எத்தனை மழை கண்டாலும் நாலாவது கிளை கிடையாது.”

“அப்படியா!” என்று மெல்லச் சொன்னது வெண்காலி.

“கல்லூரி தொடங்கியபோது அங்கே கடமான்கள் மட்டும்தான் இருந்தன. வயதை யார் எண்ணி வைத்திருப்பது? கொம்பைப் பார்த்தால் தெரிந்துவிடும். நாலு மழை காணாத பொடியன் யாரும் பாறையில் ஏறிவிடக் கூடாது. எழுதியவர் நினைத்தது அவ்வளவுதான். நான் குட்டியாக இருந்தபோது எங்கள் மந்தையில் இதைச் சொல்லித்தான் வளர்த்தார்கள். பிறகு பார்த்தேன். காடு என் கொம்பைக் கல்வி என்று கும்பிடுகிறது. அது எனக்குச் சுகமாக இருந்தது.” அது நுண்செவியின் பக்கம் திரும்பியது. “இவர் எட்டு மழை பாடம் நடத்தியவர். நான் பிறந்ததே ஆறு மழைக்கு முன்னால்தான்.”

நீள்வால் கிளையிலிருந்து இறங்கித் தரையில் உட்கார்ந்துகொண்டது.

வெண்காலி அன்று வாய்தா போடவில்லை. அசைபோட எதுவும் மிச்சமில்லை.

“ஏழாம் விதி கொம்பை அளக்க வரவில்லை. முதிர்ச்சியை அளக்க வந்தது” என்று தீர்ப்பு வாசித்தது. “தேர்வுக் குழு சரியான ஆளைத் தேர்ந்தெடுத்தது, ஆனால் விதி எதற்கு என்று விசாரிக்காமல் அதைத் தாண்டிக் குதித்தது. அது தவறு. நுண்செவியின் நியமனம் செல்லும். இனிமேல் விதியை ‘நான்கு மழை கண்டவர்’ என்று படிக்க வேண்டும். மனு தள்ளுபடி.” சற்று நிறுத்திச் சேர்த்துக்கொண்டது: “இருபது ஆண்டுகளாக இந்த மரத்தடியில் இருக்கிறேன். ஜெயிக்கிற வாதத்தை வேண்டாம் என்ற எதிர்மனுதாரரையும், தோற்கிற சாட்சியத்தைத் தானே சொன்ன மனுதாரரையும் ஒரே வழக்கில் இன்றுதான் பார்க்கிறேன். இதையும் பதிவு செய்யுங்கள். பதிவாளர் இதையாவது தின்னாமல் இருக்கட்டும்!”

மறுநாள் காலை முதல்வர் பாறையைச் சுற்றிக் கல்லூரி முழுவதும் நின்றது. நுண்செவி ஏற முயன்று வழுக்கியது. மறுபடி முயன்று மறுபடி வழுக்கியது.

கருங்கழுத்தன் பாறையருகே வந்தது. முதலாம் சான்றாவணத்தை நீதிமன்றத்தில் கேட்டு வாங்கி வாயில் கவ்விக்கொண்டு வந்திருந்தது. அதைப் பாறையில் சாய்த்து வைத்தது. மிஞ்சியிருந்த இரண்டு கிளைகளும் இரண்டு படிகள் மாதிரி நின்றன.

“ஏறுங்கள், முதல்வரே” என்றது.

“மூன்று கிளை வேண்டும் என்பதல்லவா விதி?” என்றது நுண்செவி.

“மூன்றாவதைப் பதிவாளர் எடுத்துக்கொண்டார். மேல்முறையீடு செய்வதாக எனக்கு எண்ணமில்லை!”

முயல்கள் புரண்டு புரண்டு சிரித்தன. நுண்செவி ஒரு கிளை, இரண்டு கிளை என்று மிதித்து மேலே ஏறியது. பிறகு எல்லாரையும் மறந்து வெகுநேரம் அக்கரையைப் பார்த்தது. கீழே கருங்கழுத்தன், தலையில் புதுக்கொம்பு முளைக்கத் தொடங்கிய இடம் அரிக்க, பாறையில் மெல்ல உரசிக்கொண்டு வருகைப் பதிவு தொடங்கும்வரை காத்து நின்றது.

தனக்கு எதிரான உண்மையைத் தானே எடுத்துச் சொல்லும் துணிவும், நியாயமில்லாமல் கைக்கு வரும் வெற்றியை வேண்டாம் என்னும் நேர்மையும்தான், எந்த விதியிலும் எழுதப்படாவிட்டாலும், எந்தப் பதவிக்கும் முதல் தகுதி.